ஆடு திங்குற எல்லாத்தையும் முயல் திங்கலாமா?

(எபிசோடில் பேசியதை வாசிப்பதற்கு வசதியாகக் கொஞ்சம் திருத்தி, சுருக்கிக் கொடுத்திருக்கிறோம்.)

போன மாசம் நம்ம நேயர் ஒருத்தர் ஒரு வாய்ஸ் நோட் அனுப்பியிருந்தாங்க. சென்னையிலிருந்து வேலை மாறி தூத்துக்குடிக்கு வந்தவங்க. கூடவே ரெண்டு முயல்களும் வந்திருக்கு. அவங்க கேட்டது இதுதான்: "முயலுக்கு என்ன குடுக்கலாம்னு நெட்ல தேடினா டேன்டலியான், குளோவர், திமோத்தி ஹேன்னு வருது. அதுல ஒண்ணைக்கூட நான் இந்த ஊர்ல பார்த்ததில்ல. இந்த ஊர்த் தெருவுல நிக்கிற செடி எதுவும் அந்தப் பட்டியல்ல இல்ல. நான் எதை நம்பிப் போடறது?"

நியாயமான கேள்வி. அந்தப் பட்டியல்கள் பெரும்பாலும் இங்கிலாந்துலயும் அமெரிக்காவுலயும் முயல் வளர்க்கிறவங்க தங்களோட தோட்டத்தைப் பார்த்து எழுதினது. அதுல எருக்கு இல்லைங்கிறதால எருக்கு நல்லதுன்னு ஆகிடாது. அகத்தி இல்லைங்கிறதால அகத்தி கெட்டதுன்னும் ஆகிடாது. பட்டியல்ல இல்லாத செடி, டெஸ்ட் பண்ணாத கோடு மாதிரி. ஓடலாம், கவுத்தும் விடலாம்.

பக்கத்து வீட்ல கேட்டா இன்னொரு பதில் வரும். "ஆடு திங்குற எல்லாத்தையும் போடுங்க தம்பி, ஒண்ணும் ஆகாது." நம்ம ஊர்ல முயல் வளர்க்கிற பாதிப்பேர் இதை வச்சுத்தான் ஓட்டுறாங்க. இந்த எபிசோடு முழுக்க அந்த ஒரு வாக்கியத்தைப் பத்தித்தான். அது ஏன் தப்புன்னு புரிஞ்சா, பட்டியல் பாதி தன்னால மனசுல நின்னுரும்.

முதல்ல வயிறு

ஆடும் முயலும் ரெண்டுமே இலைதழை திங்குற பிராணிதான். ஆனா உள்ள இருக்கிற அமைப்பு நேரெதிர்.

ஆட்டுக்கு இலை முதல்ல போய்ச் சேர்ற இடம் ரூமென்னு சொல்ற பெரிய வயிறு. அதுக்குள்ள கோடிக்கணக்கான நுண்ணுயிரிகள் உட்கார்ந்திருக்கு. தின்னது எல்லாம் அங்க ஊறி, புளிச்சு, உடைஞ்ச பிறகுதான் சிறுகுடலுக்குப் போகும். சத்து ரத்தத்துல சேர்றது பெரும்பாலும் இந்தப் புளிப்பு நடந்த பிறகுதான். அதனால இலைக்குள்ள சில விஷங்கள் இருந்தாலும், ரத்தத்தைத் தொடுறதுக்கு முன்னாடியே இந்த நுண்ணுயிரிகள் அதை உடைச்சுப் போட வாய்ப்பு இருக்கு.

முயலுக்கும் அப்படி ஒரு புளிக்கிற பை இருக்கு. சீக்கம்னு பேரு. ஆனா அது சிறுகுடலுக்குப் பின்னாடி, பெருங்குடல் ஆரம்பிக்கிற இடத்துல இருக்கு. அதாவது இலை வயித்துக்குப் போகும், சிறுகுடலுக்குப் போகும், அங்க உறிஞ்ச வேண்டியதை எல்லாம் ரத்தம் உறிஞ்சிரும், மிச்சம்தான் நுண்ணுயிரிகள்கிட்ட வரும். நம்ம ஃபீல்டு பாஷையில சொன்னா, ஆட்டுக்கு ஃபயர்வால் சர்வருக்கு முன்னாடி இருக்கு, முயலுக்கு சர்வருக்குப் பின்னாடி இருக்கு. விஷம் உள்ள போய் வேலையை முடிச்ச பிறகுதான் காவல்காரர் வர்றார்.

இன்னொரு விஷயம். முயலால வாந்தி எடுக்க முடியாது. உடம்போட அமைப்பே அப்படி. நாய், பூனை எதையாவது தின்னுட்டுக் கக்கித் தப்பிக்கும். முயல் தின்னா தின்னதுதான்.

மூணாவது, முயல் குடல் நின்னு போனா ஆபத்து. நார்ச்சத்து குறைஞ்சு, சர்க்கரையும் மாவும் கூடினா சீக்கத்துல இருக்கிற நுண்ணுயிரிக் கூட்டம் தாறுமாறாகும். வாயு சேரும், வலி வரும், வலியால திங்காது, திங்காததால குடல் இன்னும் மெதுவாகும். இந்தச் சுழல்ல மாட்டின முயல் ஒண்ணு ரெண்டு நாள்ல செத்துப்போகக்கூடும். வீட்டு முயல்கள் எருக்கையும் அரளியையும் தின்னு சாகுறதைவிட, தப்பான சாப்பாட்டால இப்படிச் சாகுறதுதான் சாதாரணம்.

சவுண்டல் கதை

ஆடு தின்னா முயலும் திங்கலாம்ங்கிற நம்பிக்கைக்குச் சரியான சோதனை சவுண்டல் மரம். சூபாபுல்னும் சொல்வாங்க. சின்னச் சின்ன இலை, வெள்ளைப் பஞ்சு உருண்டை மாதிரிப் பூ, கொத்துக்கொத்தாத் தொங்குற தட்டையான பழுப்பு நெத்து. தமிழ்நாடு முழுக்க ஆட்டுத் தழையா வெட்டுறாங்க.

இதோட இலையில மிமோசின்னு ஒரு நஞ்சு இருக்கு. ஆஸ்திரேலியாவுல இதைத் தின்ன மாடுகளுக்கு முடி கொட்டிச்சு, தைராய்டு வீங்கிச்சு. ஆனா ஹவாய்த் தீவுல ஆடுகள் இதே இலையைத் தின்னுட்டு நல்லா இருந்துச்சு. இது ஏன்னு ரேமண்ட் ஜோன்ஸ்ங்கிற ஆஸ்திரேலிய விஞ்ஞானி தேடிப் பார்த்தார். ஹவாய் ஆடுகளோட ரூமென்ல மிமோசின்ல இருந்து வர்ற நஞ்சை உடைக்கிற ஒரு பாக்டீரியா இருந்துச்சு. 1980-களின் தொடக்கத்துல அந்த ரூமென் நீரை ஆஸ்திரேலிய மாடுகளுக்கு ஏத்தினப்போ அதுகளும் தேறிச்சு. 1992-ல அந்த பாக்டீரியாவுக்கு ஜோன்ஸோட பேரையே சேர்த்து சினெர்ஜிஸ்டஸ் ஜோன்சியைன்னு பேர் வச்சாங்க.

ஆக, ஆட்டைக் காப்பாத்துனது ஆடு இல்ல, அதோட முன்வயித்துல இருந்த ஒரு பாக்டீரியா. முயலுக்கு அந்த முன்வயிறே கிடையாது. சவுண்டல் தொடர்ந்து தின்ன முயலுக்கு முடி கொட்டும், எடை இறங்கும். அதனால சவுண்டல் வேண்டாம்.

இதுல ஒரு குழப்பம் வரும். முயலுக்குப் பொருத்தமான வேலிமசாலும் பார்க்கக் கிட்டத்தட்ட இதே மாதிரிதான் இருக்கும். வேலிமசால் இடுப்பளவு, நெஞ்சளவு புதராத்தான் நிக்கும், நெத்து மெல்லிசா இருக்கும். சவுண்டல் மரமாகிரும், நெத்து அகலமா இருக்கும். யாராவது வெட்டின கட்டைக் கையில குடுத்து "இது வேலிமசால்தான்"னு சொன்னா, நெத்தைப் பார்க்காம வாங்காதீங்க.

தட்டுல முக்காலுக்கு மேல புல்

டிவி கார்ட்டூன் நமக்கெல்லாம் ஒரு தப்பைச் சொல்லிக் குடுத்துருச்சு, முயல்னா கேரட்னு. முயலோட உண்மையான சாப்பாடு புல். மொத்தச் சாப்பாட்டுல 80 சதவீதமாவது புல்லோ உலர்புல்லோ இருக்கணும். அதுக்கு ரெண்டு காரணம். ஒண்ணு, குடல் ஓடணும். ரெண்டு, பல்லு தேயணும். முயலோட பற்கள் வாழ்நாள் முழுக்க வளந்துக்கிட்டே இருக்கும். முன்பல் வாரத்துக்கு 2 மில்லிமீட்டருக்கு மேலயே வளரும். புல்லை அரைச்சுக்கிட்டே இருந்தாத்தான் அது அளவுல நிக்கும்.

திமோத்தி ஹே குளிர்நாட்டுப் புல். இங்க பாக்கெட்ல வாங்கினா பாதிச் சம்பளம் போயிரும். தேவையே இல்ல. நம்மகிட்ட அருகம்புல் இருக்கு. பிள்ளையாருக்குப் போடுற அதே அருகம்புல்தான். பூக்கடையில கட்டா வாங்கலாம், வெறும் நிலத்துல பறிக்கலாம், மாடியில தொட்டியில வளர்க்கலாம். வேரும் மண்ணும் இல்லாம நறுக்கிக் குடுங்க. மாட்டுக்குப் போடுற கம்பு நேப்பியர் புல்லையும் குடுக்கலாம், முத்தின தண்டை ஒதுக்கிரும். வைக்கோல் நாருக்கு நல்லது, ஆனா சத்து ரொம்பக் கம்மி. அதை மட்டும் வச்சு ஓட்ட முடியாது.

ஒரு எச்சரிக்கை. கோவில்பட்டி, விளாத்திகுளம் பக்கத்துக் கரிசக்காட்டு ஆட்களுக்கு இது தெரிஞ்சிருக்கும். இளம் சோளப்பயிர்ல சயனைடை உண்டாக்குற பொருள் இருக்கு. மழை இல்லாம வாடினப்போ இன்னும் மோசம். மாடே சாகும். முயலுக்குப் பச்சை இளம் சோளத்தட்டை வேண்டவே வேண்டாம்.

கீரைக்கடையில என்ன வாங்கலாம்

மார்க்கெட்ல கீரை விக்கிற ஆச்சிகிட்ட "ஆச்சி, முயலுக்கு"ன்னு சொன்னா ஒரு பெரிய கட்டா குடுத்துருவாங்க. அதுல என்னென்ன வாங்கலாம்னு பார்ப்போம்.

தைரியமா குடுக்கக்கூடியது: கொத்தமல்லி, புதினா, துளசி, முள்ளங்கி இலை, கேரட் இலை, வள்ளிக்கிழங்குக் கொடியோட இலை. இதை மாத்தி மாத்திக் குடுங்க. ஏரல், ஆத்தூர்ப் பக்கத்து வாழைத்தோட்டத்துல இருந்து வர்ற வாழையிலையில ஒரு துண்டும் குடுக்கலாம்.

அளவோட குடுக்கக்கூடியது: முருங்கை, அகத்தி, வேலிமசால், குதிரைமசால். இது நாலுலயும் புரதமும் சுண்ணாம்புச் சத்தும் அதிகம். மத்த பிராணிகள் தேவையான அளவு சுண்ணாம்பை மட்டும் குடல்ல எடுத்துக்கும். முயல் கிடைக்கிறதை எல்லாம் உள்ள இழுத்து, மிச்சத்தை சிறுநீர்ல தள்ளும். தினமும் கட்டுக்கட்டா முருங்கை போட்டா சிறுநீர் சேறு மாதிரி வரும், மூத்திரப்பையில கல்லு சேரும். வளர்ற குட்டிக்கும் பால் குடுக்கிற தாய்க்கும் இந்தச் சத்து வேணும். பெரிய முயலுக்கு வாரத்துல ரெண்டு தடவை ஒரு கொத்து போதும்.

சிறுகீரை, அரைக்கீரை, தண்டுக்கீரை, பருப்புக்கீரை எல்லாத்துலயும் ஆக்சலேட் இருக்கு. ஒரே கீரையைத் தினமும் போடாம, நடுவுல நடுவுல கொஞ்சம் குடுத்தா பிரச்சனை இல்ல. முட்டைக்கோஸ், காலிஃபிளவர் இலை சில முயலுக்கு வாயு பிடிக்கும், துளி அளவுல பழக்கிப் பாருங்க.

வேண்டாத லிஸ்ட்: வெங்காயம், வெங்காயத்தாள், பூண்டு. இது ரத்தச் சிவப்பணுக்களை உடைக்கும். உருளைக்கிழங்கு, தக்காளிச் செடியோட இலை. மணத்தக்காளிக் கீரையும் அதே குடும்பம்தான், நாம வேக வச்சுத் திங்கிறோம், முயல் பச்சையாத் திங்கும், தவிர்த்துருங்க. பட்டர் ஃப்ரூட்னு சொல்ற அவகாடோவும் இலையும் பழமும் வேண்டாம், அது முயலோட இதயத்தைப் பாதிக்கும். சாதம், பிரெட், பிஸ்கட் பத்திச் சொல்லவே வேண்டாம்.

கேரட்டும் வாழைப்பழமும் மிட்டாய். கட்டைவிரல் நுனி அளவு, வாரத்துல ஒண்ணு ரெண்டு தடவை.

ரெண்டு கிலோ முயல்னு வச்சுக்கோங்க. நாள் பூரா புல், ரெண்டு கைப்பிடி கீரை, பெல்லட் குடுத்தா 50 கிராமுக்கு மேல வேண்டாம். இதுதான் கணக்கு. மூணு மாசம் ஆகாத குட்டிக்குக் கீரையை ரொம்ப மெதுவாத்தான் பழக்கணும்.

புதுசா எது குடுத்தாலும் ஒரு நேரத்துல ஒண்ணே ஒண்ணு. முதல் நாள் ரெண்டு இலை, மறுநாள் புழுக்கையைப் பாருங்க, அப்புறம் கூட்டுங்க. ஒரே நாள்ல அஞ்சு மாற்றத்தை ப்ரொடக்‌ஷன்ல தள்ளிட்டு, எது உடைச்சுதுன்னு ராத்திரி முழுக்கத் தேடின அனுபவம் இங்க நிறையப் பேருக்கு இருக்கும். முயல் விஷயத்துல ரோல்பேக் கிடையாது.

காலி மனையும் மொட்டைமாடியும்

தூத்துக்குடியில எந்தக் காலி மனையைப் பார்த்தாலும் நிக்கிறது எருக்கு. உடைச்சா பால் வரும். அந்தப் பால்ல இதயத்துடிப்பைக் குலைக்கிற பொருள் இருக்கு. அரளியிலயும் அதே வகை விஷம்தான். நாற்கரச் சாலை நடுவுல வரிசையா நிக்குமே, அதுதான். மஞ்சள் அரளியும் இதே கூட்டம். இலை காய்ஞ்சாலும் விஷம் போகாது. கோயில்ல இருந்து கொண்டு வந்த அரளி மாலையைக் கழட்டி முயல் கூண்டுப் பக்கம் வச்சிராதீங்க.

மாடித்தோட்டத்துல இப்போ எல்லாரும் வைக்கிற அடீனியமும் இதே இதய விஷக் குடும்பம். அடி பருத்து, ரோஸ் கலர்ல பூக்கும், வெயிலுக்கு அசையாது, அதனால நம்ம ஊர்ல ரொம்பப் பிரபலம். வீட்டுக்குள்ள இருக்கிற மணி பிளான்ட், டைஃபன்பேக்கியாவோட இலையில ஊசி மாதிரிப் படிகங்கள் இருக்கு, கடிச்ச உடனே வாயும் தொண்டையும் எரிஞ்சு வீங்கும். குரோட்டன்ஸும் வேண்டாம், கற்றாழையும் வேண்டாம். வீட்டுக்குள்ள அவுத்து விடுற முயலா இருந்தா, தொட்டிகளைத் தரையில இருந்து தூக்கி வைக்கிறதுதான் முதல் வேலை.

வேலியோரத்துல ஆமணக்கு, காட்டாமணக்கு, ஊமத்தை, உன்னிச்செடி, பார்த்தீனியம், குப்பைமேனி நிக்கும். எதுவும் வேண்டாம். ஆமணக்குல கொட்டைதான் கொடூரம். உன்னிச்செடி கல்லீரலைக் கெடுக்கும். குப்பைமேனி நமக்கு மருந்து, ஆனா அதுல சயனைடை விடுற பொருள் இருக்கு. சீமைக்கருவேல இலையை ஆடே பெருசாத் தொடாது. அதோட நெத்தை ஆடு ஆசையாத் திங்கும், ஆனா அது இனிப்பு நெத்து. முயல் குடலுக்கு அந்தச் சர்க்கரை ஆகாது.

இந்தக் கடற்கரைக்கே உரிய மூணு செடி

நெட்ல இருக்கிற எந்தப் பட்டியல்லயும் சட்டுன்னு கிடைக்காத, நம்ம பக்கம் மட்டும் முக்கியமான மூணு செடி இருக்கு.

முதலாவது நிலாவாரை. உலகச் சந்தையில இதுக்குத் திருநெல்வேலி சென்னான்னு பேரு. இந்த வறண்ட நிலத்துல பயிராகி, தூத்துக்குடித் துறைமுகம் வழியா வெளிநாட்டுக்குப் போற மூலிகை இது. மருந்துக்கடையில மலச்சிக்கலுக்கு விக்கிற பல மாத்திரைகள்ல இதோட சாரம்தான் இருக்கு. அதுதான் முயலுக்குப் பிரச்சனையும். பேதி நமக்கு ஒரு நாள் அவஸ்தை. முயலுக்கு அது உயிர்ப் பிரச்சனை, ஏன்னா நீர் போனதோட சேர்ந்து அந்த நுண்ணுயிரிக் கூட்டமும் கலையும். அறுவடைக் காலத்துல வயல்லயும் குடோன் பக்கத்துலயும் சிந்திக் கிடக்கிற இந்த இலை, பார்க்க சாதாரணத் தழை மாதிரி இருக்கும். இதோட உறவான ஆவாரையையும் தள்ளி வைங்க.

ரெண்டாவது உமரி. உப்பளம் ஓரத்துல, பாத்தி வரப்புல, தண்டு குண்டா, பச்சையும் சிவப்புமா நிக்கும். பார்த்தா தளதளன்னு இருக்கும், புல் கிடைக்காத கோடையிலயும் பச்சையா இருக்கும். அதுக்குக் காரணமே அது உள்ள சேர்த்து வச்சிருக்கிற உப்புதான். உமரியை முயலுக்குச் சாப்பாடா நினைக்காதீங்க.

மூணாவது அடம்பு. கடற்கரை மணல்ல, ஆட்டுக்குளம்பு மாதிரி ரெண்டாப் பிளந்த இலையோட படர்ந்து, ஊதா கலர்ல பூக்கும். இது வள்ளிக்கிழங்குக்குச் சொந்தக்காரச் செடி. வள்ளிக்கிழங்கு இலை நல்லதுன்னு இப்போதான் சொன்னேன். ஆனா அதே பேரினத்துல நெய்வேலிக் காட்டாமணக்கும் இருக்கு. குளத்தங்கரையில, வாய்க்கால் ஓரத்துல புதரா மண்டுமே, அதுதான். அதைத் தொடர்ந்து தின்ன ஆடுகளுக்கே நரம்பு கெட்டுத் தள்ளாடும். ஒரே குடும்பத்துல ஒண்ணு சாப்பாடு, இன்னொண்ணு விஷம். அதனால சொந்தத்தை வச்சு முடிவு பண்ண முடியாது. அடம்பை மணலைப் பிடிச்சு வைக்க விட்டுருவோம்.

பேரை நம்பாதீங்க

துறைமுகத்துக்குப் பக்கத்துல இருக்கிற இடத்துக்கு முயல் தீவுன்னு பேரு. மன்னார் வளைகுடாவுல மண்டபம் பக்கத்துலயும் ஒரு முயல் தீவு இருக்கு. பேரைக் கேட்டுட்டு, அங்க முளைக்கிறதெல்லாம் முயல் சாப்பாடா இருக்கும்னு யாரும் நினைக்க மாட்டோம். ஆனா செடிப் பேர் விஷயத்துல அப்படி நினைச்சிருவோம்.

முயல்மசால்னு ஒரு தீவனப் பயிர் இருக்கு. மானாவாரி நிலத்துல வரும், பயறுக் குடும்பம், அளவோட முயலுக்குக் குடுக்கலாம். முயல்செவின்னு ஒரு சின்ன மூலிகையும் இருக்கு, ஊதா குஞ்சம் மாதிரிப் பூக்கும். ரெண்டுலயும் முயல் இருக்கு. ஆனா முயல்செவியில கல்லீரலைப் பாதிக்கிற ஆல்கலாய்டுகள் இருக்கு. அதனால அது வேண்டாம்.

சங்கு குளிக்கிற ஊர்ல சங்குப்பூவை விட முடியுமா? அது கால்நடைக்கே தீவனமா வளர்க்கிற பயறுவகைக் கொடி. இலையும் பூவும் கொஞ்சம் குடுக்கலாம், விதையும் நெத்தும் வேண்டாம். நித்தியகல்யாணியும் அதே மாதிரி வீட்டு வாசல்ல நிக்கிற அழகான பூச்செடிதான். ஆனா புற்றுநோய்க்குக் குடுக்கிற வின்கிரிஸ்டின், வின்பிளாஸ்டின் மருந்துகள் அதுல இருந்துதான் வருது. செல் பிரியறதையே நிறுத்துற சரக்கு. முயல் வாய்க்கு எட்டவே கூடாது.

பேர்னு வந்ததால இன்னொண்ணு. காட்டுல, தேரிக்காட்டுல ஓடுற முயலும் நம்ம வீட்டு முயலும் வேற வேற இனம். வீட்டு முயலோட பூர்வீகம் ஐரோப்பாவுல ஸ்பெயின் பக்கம். காட்டுமுயலைப் பிடிச்சு வளர்க்கிறது 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். அதனால "காட்டுல முயல் இதைத்தானே திங்குது"ங்கிற வாதமும் வீட்டு முயலுக்குச் செல்லாது.

"எங்க வீட்டு முயல் தின்னுச்சே, ஒண்ணும் ஆகலையே"

இந்த எபிசோடுக்குக் கமெண்ட்ல கண்டிப்பா இது வரும். பொய்யுன்னு சொல்ல மாட்டேன். ஊமத்தையில அட்ரோபின் மாதிரியான விஷங்கள் இருக்கு. சில முயல்களோட ரத்தத்துல அட்ரோபினை உடைக்கிற ஒரு என்சைம் இருக்கு. அது பரம்பரையா வர்றது. அந்த முயல், மனுஷனையே சாய்க்கிற அளவு இலையைத் தின்னுட்டுக்கூடத் தாக்குப்பிடிக்கும். ஆனா எல்லா முயலுக்கும் அந்த ஜீன் கிடையாது. உங்க பக்கத்து வீட்டு முயலுக்கு இருக்கலாம், உங்க முயலுக்கு இல்லாம இருக்கலாம். வெளிய இருந்து பார்த்து ரெண்டையும் பிரிக்க முடியாது.

"என் மெஷின்ல ஓடுதே"ன்னு சொல்ற டெவலப்பரை நாம நம்புறதில்ல இல்லையா? இதையும் அதே மாதிரி எடுத்துக்கோங்க. உன்னிச்செடி மாதிரி மெதுவாக் கல்லீரலைக் கெடுக்கிறது இன்னிக்கே ஒண்ணும் காட்டாது. முயல் வேற, இரையா வாழ்ந்த பிராணி. நோவை மறைக்கிறது அதோட இயல்பு.

பறிக்கிற இடம், வைக்கிற இடம்

நல்ல செடி தப்பான இடத்துல முளைச்சிருந்தா அதுவும் கெட்டதுதான். லாரி ஓடுற ரோட்டோரம், நாய் நடமாடுற இடம், களைக்கொல்லி அடிச்ச மனை, சாக்கடை ஓரம், இது எதுலயும் பறிக்காதீங்க. கடையில வாங்கின கீரையை நல்லா அலசி, தண்ணியை உதறிக் குடுங்க. ஈரக்கீரையைக் குவிச்சு வச்சா ரெண்டு மூணு மணி நேரத்துல உள்ள சூடேறி அழுக ஆரம்பிக்கும், நம்ம வெயிலுக்குக் கேக்கவே வேண்டாம்.

கடற்கரை ஊர்ல இன்னொரு எதிரி ஈரக்காத்து. ஐப்பசி, கார்த்திகை மழையில உலர்புல், பெல்லட், நிலக்கடலைக் கொடி எல்லாம் பூஞ்சை பிடிக்கும். பூஞ்சையில வர்ற அஃப்ளடாக்ஸினுக்கு ரொம்பச் சீக்கிரம் பலியாகிற பிராணிகள்ல முயலும் ஒண்ணு. மக்கல் வாசம் வந்தா, கட்டி கட்டியா இருந்தா, காசு போனாப் போகுதுன்னு தூக்கிப் போடுங்க. அரிசி வைக்கிற மாதிரி மூடி போட்ட டின்ல, கொஞ்சம் கொஞ்சமா வாங்கி வைங்க.

ஏதாவது தின்னுருச்சுன்னா

10, 12 மணி நேரமா திங்கலை, புழுக்கை போடலை, இல்ல புழுக்கை மிளகளவுக்குச் சுருங்கிருச்சு. முதுகைக் குறுக்கி மூலையில உட்கார்ந்திருக்கு. பல்லை நறநறன்னு கடிக்குது. காது சில்லுன்னு இருக்கு. இதுல எது இருந்தாலும் நாளைக்குப் பார்ப்போம்னு விடாதீங்க.

உப்புத்தண்ணி, எண்ணெய், மோர் எதையும் ஊத்தாதீங்க. அதால கக்க முடியாதுன்னு ஏற்கெனவே சொன்னேன். ஊத்தினது நுரையீரலுக்குத்தான் போகும். வாயில மிச்சம் இருக்கிற இலையை எடுத்துருங்க. தின்ன செடியில ஒரு கிளையைப் பையில போட்டு மருத்துவர்கிட்ட கொண்டு போங்க. "ஏதோ ஒரு பச்சைச் செடி"ன்னு சொல்றதைவிட அது ஆயிரம் மடங்கு உதவும். வீட்ல இருக்கிற ஆன்டிபயாட்டிக்கைக் குடுத்திராதீங்க. அமாக்ஸிசிலின், ஆம்பிசிலின் மாதிரி மருந்தை வாய் வழியாக் குடுத்தா, சீக்கத்துல இருக்கிற நல்ல நுண்ணுயிரிகளே அழிஞ்சு முயல் செத்துரும்.

ஊர்ல முதல்ல அரசு கால்நடை மருத்துவமனை. அதுக்கு அடுத்து, திருநெல்வேலி ராமையன்பட்டியில கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கு. போய்ச் சேர ஒரு மணி நேரத்துக்கு மேல ஆகும். அதனால முயல் பார்த்துப் பழகின மருத்துவர் யாருன்னு, நல்லா இருக்கும்போதே விசாரிச்சு நம்பரைப் போன்ல போட்டு வைங்க.

வாய்ஸ் நோட் அனுப்பின தோழிக்கு என் பதில் இதுதான். நாளைக்குக் காலையில பூக்கடையில ஒரு கட்டு அருகம்புல் வாங்குங்க. வீட்டுத் தொட்டிகளை எல்லாம் ஒரு தடவை சுத்திப் பார்த்து, அடீனியத்தையும் மணி பிளான்ட்டையும் மேல தூக்குங்க. அப்புறம் ஒரு நோட்ல, உங்க தெருவுல நிக்கிற செடியை எல்லாம் தமிழ்ப் பேரோட எழுதுங்க. பேர் தெரியாததைக் கீரைக்கார ஆச்சிகிட்ட கேளுங்க. ஆச்சிக்கும் தெரியலைன்னா அது முயலுக்குக் கிடையாது. அந்த நோட்டுதான் உங்க ஊர்ப் பட்டியல்.

அந்தப் பட்டியலை எங்களுக்கும் அனுப்புங்க. மதுரை, நாகர்கோவில், யாழ்ப்பாணம்னு மத்த ஊர்க்காரங்களும் அனுப்பினா, அடுத்த எபிசோடுல எல்லாத்தையும் சேர்த்து ஒரு கால்நடை மருத்துவர்கிட்டயே கேட்டுருவோம். அதுவரைக்கும் புல் நிறையப் போடுங்க, கேரட்டை நீங்களே சாப்பிடுங்க.